காவல் மரமும் புலவர் நாவும்

1890ஆம் ஆண்டில் இலண்டன் மாநகரில் இரண்டு தொகுதிகளாக நூலொன்று வெளிவந்தது. ஜேம்ஸ் ஜார்ஜ் பிரேசர் எழுதிய 'பொற்கிளை' என்பது அது. தொல்குடி மக்களின் மந்திரச் சடங்குகள், மர வழிபாடு, தெய்வத் தன்மை பொருந்திய அரசர் ஆகியன பற்றி உலகின் பல மூலைகளிலிருந்து திரட்டிய செய்திகளை அந்நூல் ஓரிடத்துத் தொகுத்துத் தந்தது. நான்கு ஆண்டுகள் கழிந்தபின், 1894இல், சென்னையில் மற்றொரு நூல் அச்சேறியது. ஏட்டுச் சுவடிகளில் உறங்கிக் கிடந்த புறநானூற்றை உ. வே. சாமிநாதையர் பழைய உரையுடன் பதிப்பித்து உலகிற்கு அளித்தார். முன்னது தொல்சமுதாய அரசனை வெளியே நின்று நோக்கிய நூல்; பின்னது அவ்வரசனின் பக்கத்தே நின்று பாடிய புலவர்களின் குரல். ஒரே காலத்தில் பிறந்தும் இவ்விரண்டும் ஒன்றையொன்று அறியாமலே வளர்ந்தன. இவற்றை அருகருகே வைத்து நோக்குவதே இக்கட்டுரையின் நோக்கம்.

இதற்கு இப்பொழுது என்ன தேவை என வினவலாம். தாய்நிலம் விட்டுப் பிற மாநிலங்களில் வாழும் நம்மிடையே சங்க இலக்கியம் பற்றி இருவகைப் பேச்சுகள் வழங்குகின்றன. பழந்தமிழர் மூடநம்பிக்கை சிறிதும் இல்லாத பகுத்தறிவாளர் என்பர் ஒரு சாரார். மரத்தையும் கல்லையும் தொழுத பழங்குடி மக்களின் பாட்டு, இக்காலத்துப் பிள்ளைகளுக்கு எதற்கு என்பர் மற்றொரு சாரார். முன்னவர் பெருமிதத்தால் பாடலை மறைக்கின்றனர். பின்னவர் நாணத்தால் அதனைக் கைவிடுகின்றனர். இருவரும் பாடலைப் படிக்கவில்லை என்பதே நம் கருத்து. மரத்திலும் முரசிலும் மன்னனிலும் தெய்வ ஆற்றல் உறைவதாகச் சங்கப் புலவர் நம்பினர். அந்நம்பிக்கையினுள் நின்றுகொண்டே மன்னனுக்குத் தீர்ப்பும் கூறினர். இவ்விரண்டையும் ஒருசேரக் காண்பதே நேரிய படிப்பாகும்.

பொற்கிளை கூறும் செய்தி

பிரேசரின் நூல் இத்தாலி நாட்டு நேமி ஏரிக் கரையில் தொடங்குகிறது. அங்கே தயானா என்னும் தெய்வத்தின் சோலையில் ஒரு மரம். அதனை வாளேந்தி இரவும் பகலும் காத்து நிற்கும் பூசாரி ஒருவன். 'காட்டரசன்' என்பது அவன் பட்டம். தப்பியோடிய அடிமை ஒருவன் அம்மரத்தின் கிளையை ஒடித்துவிட்டால், பூசாரியோடு போர் புரியும் உரிமை அவனுக்கு உண்டு. பூசாரியைக் கொன்றால் அவனே அடுத்த காட்டரசன். அவனும் தன்னைக் கொல்ல வருவோனை எதிர்நோக்கிக் காத்திருக்க வேண்டியவன்.

இக்கொடிய வழக்கத்திற்குப் பொருள் காண முற்பட்ட பிரேசர், 1906 முதல் 1915 வரை வெளிவந்த மூன்றாம் பதிப்பில் தம் நூலைப் பன்னிரண்டு தொகுதிகளாக விரித்தார். அவர் முடிவைச் சுருங்கக் கூறின் இவ்வாறு அமையும். தொல்குடி மக்கள் மந்திரத்தால் இயற்கையை ஏவலாம் என நம்பினர். ஒன்றைப் போலச் செய்தால் அதுவே நிகழும் என்பது ஒத்த மந்திரம். ஒருகால் ஒட்டியிருந்தவை பிரிந்தபின்னும் ஒன்றையொன்று தாக்கும் என்பது தொத்து மந்திரம். இவ்வாற்றல் மிக்கவனே அரசனானான். மழையும் விளைவும் அவன் உடல்நலத்தைச் சார்ந்தன. ஆதலின் அவன் மூப்புற்றுத் தளருமுன் அவனைக் கொன்று, அவ்வாற்றலை வலிமை மிக்க மற்றொருவனிடம் சேர்ப்பித்தனர். மந்திரம், சமயம், அறிவியல் என மனித அறிவு மூன்று படிகளில் ஏறியது என்றும், முதற்படி பிழைபட்ட அறிவியலே என்றும் அவர் கருதினார்.

தாம் எழுதிய குடிகளிடையே பிரேசர் சென்று வாழ்ந்தவரல்லர். நூல்களையும், பயணிகளும் சமயப் பணியாளரும் எழுதியனுப்பிய செய்திகளையும் கொண்டே எழுதினார். ஆயினும் அவர் திரட்டிய செய்திகளின் பெருக்கம் வியத்தற்குரியது. தனித்தனியே பொருளற்றவையாகத் தோன்றும் வழக்கங்கள் ஒன்றுக்கொன்று உறவுடையன என அவர் காட்டியது சிறு தொண்டன்று. நம் சங்கப் பாடல்களில் வரும் சில வழக்கங்களும் அவர் கூற்றால் விளக்கம் பெறுகின்றன. எந்த அளவிற்கு விளக்கம் பெறுகின்றன, எவ்விடத்தில் அவ்விளக்கம் போதாமற் போகிறது என்பதே நாம் காண வேண்டுவது.

அணங்கும் நம்பிக்கையும்

மலை, மரம், நீர்த்துறை, கருவி முதலிய யாவற்றிலும் ஓர் ஆவி உறைகிறது என்னும் எண்ணமே சமயத்தின் தொடக்கம் எனப் பிரேசருக்கு முன்னரே, 1871இல், டைலர் என்னும் அறிஞர் எழுதினார். சங்க இலக்கியத்தில் இதனோடு ஒப்பவைத்து எண்ணத்தக்க சொல் 'அணங்கு' என்பது. மலையடுக்கத்திலும் கடல்துறையிலும் மகளிரிடத்தும் அணங்கு உண்டு எனப் பாடல்கள் கூறும். இது பொருள்களிலும் மாந்தரிலும் உறையும் ஆற்றல் என்றும், கட்டுக்குள் இருப்பின் காக்கும், கட்டு மீறின் அழிக்கும் என்றும் ஜார்ஜ் ஹார்ட் 1975இல் வெளியிட்ட தம் நூலில் விளக்கினார். அச்சொல்லின் பொருளெல்லை குறித்து ஆய்வாளரிடையே கருத்து வேறுபாடு உண்டு. எனினும் அச்சமும் மதிப்பும் ஒருங்கே கலந்த உணர்வு அச்சொல்லில் இருப்பதனை யாரும் மறுப்பதில்லை.

இந்நம்பிக்கை அக்கால மக்களின் அறிவைக் கட்டிப் போட்டதா? வெறியாட்டுப் பாடல்கள் இதற்கு விடை தரும். காதலால் மெலிந்த மகளைக் கண்ட தாய், முருகனால் வந்த வருத்தம் என்றெண்ணி வேலனை அழைத்து வெறியாடச் செய்கிறாள். நோயின் உண்மைக் காரணம் தோழிக்குத் தெரியும். நற்றிணையின் 34ஆம் பாடலில் அத்தோழி முருகனையே விளித்து, இவள் நோய் உன்னால் வந்ததன்று என அறிந்தும் வேலன் அழைக்க வந்து நின்றாயே, நீ தெய்வமேயானாலும் அறியாமை உடையவன்தான் என்று கூறிவிடுகிறாள். முருகன் வந்து நிற்கிறான் என்பதில் அவளுக்கு ஐயமில்லை. வந்தவனுக்கு ஈண்டு வேலையில்லை என்பதிலும் ஐயமில்லை. நம்பிக்கையும் நகையும் ஒரு நாவிலிருந்தே பிறக்கின்றன. தொல்குடி மனம் மந்திரத்துள் அடைபட்டது என்னும் கருத்து இச்சிறு பாடலின் முன் நிற்கவியலாது.

கடம்பும் வேம்பும்

நேமியின் காட்டரசனைப் போலவே தமிழ் வேந்தரும் குறுநில மன்னரும் ஒரு மரத்தைக் காத்தனர். அதனைக் காவல் மரம் என்றும் கடிமரம் என்றும் வழங்குவர். பகைவன் நாட்டினுள் புகுந்தவன் முதற்கண் அம்மரத்தை வெட்ட முனைவான். மரம் வீழ்ந்தால் மன்னன் வீழ்ந்தான் என்பது பொருள்.

பதிற்றுப்பத்தின் இரண்டாம் பத்தில், இமயவரம்பன் நெடுஞ்சேரலாதன் கடலிடைப் பகைவர் பலர் கூடிக் காத்த கடம்பினை அடியோடு வெட்டுவித்து, அம்மரத்தால் முரசு செய்துகொண்டதனைக் குமட்டூர்க் கண்ணனார் பாடுகிறார். சூரன் ஒளிந்த மாமரத்தை முருகன் வெட்டிய செயலோடு அதனை அவர் ஒப்பிடுவது குறிக்கத்தக்கது. ஐந்தாம் பத்தில் சேரன் செங்குட்டுவன் மோகூர் மன்னன் பழையனது வேம்பினை வெட்டி, முரசு செய்தற்கென யானைகளைப் பூட்டி இழுப்பித்ததனைப் பரணர் பாடுகிறார். இழுப்பதற்குரிய கயிறு, கணவரை இழந்த மகளிரின் கூந்தலால் திரிக்கப்பட்டது என அப்பத்தின் பதிகம் கூறும்.

பகைவனின் மரம் ஏன் முரசாக வேண்டும்? காட்டில் வேறு மரம் இல்லையா? பிரேசரின் தொத்து மந்திரம் ஈண்டு நன்கு பொருந்துகிறது. பகைவனைக் காத்த ஆற்றல் மரம் வீழ்ந்ததும் மடிவதில்லை. மரத்தோடு ஒட்டியே வந்து வென்றவனின் முரசினுள் புகுகிறது. அம்முரசு முழங்குந்தோறும் தோற்றவனின் காவல் தெய்வமே வென்றவனுக்காகக் குரல் கொடுக்கிறது. இது வெறும் வெற்றிச் சின்னமன்று. ஆற்றல் கைமாறும் சடங்கு எனலாம். இவ்வளவிற்குப் பிரேசரிடம் நாம் கடன்பட்டுள்ளோம்.

ஆனால் புறநானூறு இவ்விடத்தில் நின்றுவிடவில்லை. பாண்டியன் இலவந்திகைப்பள்ளித் துஞ்சிய நன்மாறனைக் காவிரிப்பூம்பட்டினத்துக் காரிக்கண்ணனார் பாடிய 57ஆம் பாட்டினை எடுத்துக் கொள்வோம். பகைவர் நாட்டு வயலை உன் மறவர் கொள்ளையிடினும் இடுக, ஊரை எரியூட்டினும் ஊட்டுக, பகைவரை உன் வேல் அழிப்பினும் அழிக்க என்று ஒவ்வொன்றாக இசைவு தந்து வரும் புலவர், இறுதியில் ஒன்றை மட்டும் தடுக்கிறார்: அவர்தம் காவல் மரங்களை வெட்டாதே. அதற்கு அவர் கூறும் காரணம் வியப்பளிப்பது. அம்மரங்கள் உன் உயர்ந்த யானைகளைக் கட்டும் தறியாக நில்லா என்கிறார்.

இஃது உண்மைக் காரணமா, சூழ்ச்சியா? மரத்தின் தெய்வத் தன்மையைக் கூறித் தடுத்தால், அத்தன்மையைத் தனதாக்கிக்கொள்ள விரும்பும் மன்னனின் வேட்கை மேலும் பெருகும். அவன் யானையின் பெருமையைக் கூறித் தடுத்தால் அவனுக்கும் இழிவில்லை, மரமும் பிழைக்கும். இவ்வாறு பொருள் கொள்ளின், மந்திர நம்பிக்கையின் போக்கை நன்கறிந்த ஒருவர், அதனை எதிர்த்து மோதாமல் விலக்கி நடத்திய திறம் இப்பாட்டில் புலனாகும்.

நன்னனின் மாமரம்

காவல் மரத்தின் தூய்மை எத்தகைய கொடுமைக்கு இடந்தரும் என்பதற்கு நன்னன் கதையே சான்று. குறுந்தொகையின் 292ஆம் பாட்டில் பரணர் அதனைச் சில அடிகளிற் கூறிவிடுகிறார். நீராடச் சென்ற பெண்ணொருத்தி ஆற்றுநீர் கொண்டுவந்த பசுங்காயைத் தின்றாள். அக்குற்றத்திற்கு ஈடாக எண்பத்தொரு யானைகளும் அவள் எடைக்கு எடை பொன்னாற் செய்த பாவையும் தர முன்வந்தனர். நன்னன் அவற்றைக் கொள்ளாது அவளைக் கொன்றான். அக்காய் நன்னனது காவல் மரமாகிய மாமரத்தினுடையது என உரைமரபு கொள்ளும்.

மந்திரத்தின் முறைப்படி நோக்கினால் நன்னன் செயலுக்கு ஒரு நியாயம் உண்டு. மரத்தின் காயை உண்டவள் மன்னனின் ஆற்றலையே உண்டவள் ஆகிறாள். அவ்விழப்பினை யானையாலும் பொன்னாலும் ஈடு செய்யவியலாது. பிரேசர் இதனைக் கேட்டிருப்பின் தம் கோட்பாட்டிற்கு ஏற்ற எடுத்துக்காட்டாகக் குறித்துக் கொண்டிருப்பார் என எண்ணுகிறோம். ஆனால் பரணர் அந்நியாயத்திற்கு ஓர் அசையளவும் இடந்தரவில்லை. அவனைப் பெண்கொலை புரிந்தவன் என்றே சுட்டுகிறார். அதுவும் எவ்விடத்தில்? போர்ப்பாட்டில் அன்று. காதலர் சந்திப்புக்குத் தடையாக இரவெல்லாம் துயிலாது காவல் புரியும் தாயை, நன்னனைப் போல மீளா நரகம் புகுக எனச் சபிக்கும் அகப்பாட்டில்! ஒரு மன்னனின் பெயர் இளம்பெண்ணின் வாயில் வசைச்சொல்லாக வழங்குமாறு புலவர் செய்துவிட்டார்.

இங்கே நாம் ஒன்றை மறைத்தலாகாது. பழையனின் வேம்பு வெட்டப்பட்டதனைப் புகழ்ந்து பாடியவரும் பரணரே. அவர் மர நம்பிக்கைக்குப் புறம்பானவர் அல்லர். மன்னனுக்கும் மன்னனுக்கும் இடையே மரம் வீழ்வதும் முரசாவதும் அவருக்கு வெற்றிச் செய்தி. நீராட வந்த பெண்ணொருத்தி இடையே அகப்பட்டபொழுது அவர் அளவுகோல் மாறிவிடுகிறது. நம்பிக்கை அதுவே, நம்பிக்கைக்கு ஓர் எல்லை உண்டு என்பது மட்டும் ஈண்டுத் தோன்றுகிறது. அவ்வெல்லையை வகுத்தவர் அடுத்த படியில் ஏறிவந்த அறிவியலார் அல்லர். அதே நம்பிக்கையுள் வாழ்ந்த புலவரே.

அத்தீர்ப்பு ஒரு தலைமுறையோடு ஒழியவுமில்லை. இளங்கண்டீரக்கோவும் இளவிச்சிக்கோவும் ஒருங்கிருந்த இடத்திற்குச் சென்ற பெருந்தலைச் சாத்தனார் முன்னவனைத் தழுவிக் கொண்டார், பின்னவனைத் தழுவவில்லை. காரணம் வினவியபொழுது அவர் பாடியது புறநானூற்றின் 151ஆம் பாட்டு. நீ நன்னன் வழியில் வந்தவன். அதுவன்றி, பாடுவோர்க்குக் கதவடைத்த குடி உன் குடி. ஆதலின் எம்மவர் உன் மலையைப் பாடாது விலக்கினர் என்கிறார். தொட்டால் தொத்தும் என்பது மந்திரத்தின் விதியன்றோ? அவ்விதியைப் புலவர் தம் கையிலெடுத்துப் பழிக்கு உரியதாக்கி விட்டார் எனத் தோன்றுகிறது.

முரசுகட்டிலும் கவரியும்

மரத்திற்கு அடுத்தபடியாகத் தெய்வத் தன்மை வாய்ந்தது முரசு. அதற்குக் கட்டில் உண்டு, நீராட்டு உண்டு, பலி உண்டு. குருதி வேண்டும் தெய்வமாகவே பாடல்கள் அதனைப் பேசுகின்றன. நீராட்டுவதற்காக முரசினைக் கொண்டு சென்றிருந்த பொழுதில், அரண்மனைக்கு வந்த மோசிகீரனார் வழிநடைக் களைப்பால், இன்னதென அறியாது, மெல்லிய பூக்கள் பரப்பிய முரசுகட்டிலில் ஏறி உறங்கிவிட்டார். அவரை இரு கூறாக வெட்டியிருக்க வேண்டும் என்பதே முறை. சேரமான் தகடூர் எறிந்த பெருஞ்சேரல் இரும்பொறை வெட்டவில்லை. அவர் விழித்தெழும் வரை கவரி கொண்டு வீசி நின்றான். புறநானூற்றின் 50ஆம் பாட்டு விழித்தெழுந்த புலவர் பாடியது.

இந்நிகழ்ச்சியைப் புலவர்க்குத் தமிழ் மன்னர் தந்த மதிப்பிற்குச் சான்றாக மேடைதோறும் கூறுகிறோம். அது சரியே. ஆயினும் அம்மதிப்பின் முழு அளவும் தெரிய வேண்டுமாயின் நன்னனை உடன் நினைத்தல் வேண்டும். இரண்டிடத்தும் குற்றம் ஒன்றே: அறியாத ஒருவர் மன்னனின் தெய்வப் பொருளைத் தீண்டிவிட்டார். நன்னன் பொருளின் தூய்மையைக் காத்தான். மனித உயிரைப் போக்கினான். இரும்பொறை மனித உயிரைக் காத்தான். காத்ததோடு அமையாது, தெய்வத்திற்கு ஏவல் செய்வோனைப் போல நின்று வீசினான். முரசுகட்டில் வெறும் மரக்கட்டில் என அவன் எண்ணியிருப்பின் அச்செயலில் வியப்பில்லை. அதன் ஆற்றலை அவன் முற்ற நம்பினான் என்று கொண்டால்தான் கவரியின் பெருமை விளங்கும். அம்மன்னனைப் பகுத்தறிவாளன் ஆக்க முயலும் நம்மவர் அவன் செயலின் அருமையைக் குறைக்கின்றனர் என்பதனை ஈண்டு எண்ணிப் பார்த்தல் நன்று.

இதே மோசிகீரனார்தாம், உலகிற்கு உயிர் நெல்லுமன்று, நீருமன்று, மன்னனே என 186ஆம் பாட்டிற் பாடியவர். இதனைப் பிரேசர் கூறும் தெய்வ அரசனுக்கு ஒப்பற்ற சான்றாகக் கொள்ளலாம். ஆனால் பாட்டு அவ்வளவில் முடியவில்லை. தானே உயிர் என்பதனை அறிந்துகொள்வது வேந்தனின் கடமை என முடிகிறது. பிறர் அவனைத் தொழ வேண்டும் என்று புலவர் கூறவில்லை. அவன் உணர வேண்டும் என்கிறார். தெய்வத் தன்மை உரிமையாகத் தொடங்கிக் கடமையாக முடிகிறது.

மழையும் வரியும்

மழை பொய்த்தால் மழையரசனைக் கொன்றுவிடும் குடிகளைப் பற்றிப் பிரேசர் எழுதுகிறார். மழைக்கு மன்னன் பொறுப்பு என்னும் எண்ணம் தமிழகத்திலும் இருந்தது. அதனைக் கொண்டு தமிழ்ப் புலவர் ஒருவர் என்ன செய்தார் என்பதனைப் புறநானூற்றின் 35ஆம் பாட்டு காட்டும்.

வெள்ளைக்குடி நாகனார் நிலவரி செலுத்த இயலாத நிலையில், சோழன் குளமுற்றத்துத் துஞ்சிய கிள்ளிவளவனிடம் செல்கிறார். மழை பொய்த்தாலும், விளைச்சல் குறைந்தாலும், இயற்கைக்கு மாறானவை நிகழ்ந்தாலும் உலகம் அரசரையே பழிக்கும் என அவனுக்கு நினைவூட்டுகிறார். உன் வெண்குடை வெயிலை மறைப்பதற்கன்று, வருந்தும் குடிகளுக்கு நிழல் தருவதற்கே என்கிறார். போர்க்களத்து வெற்றியும் ஏர் கீறிய சாலிலிருந்தே விளைகிறது. ஆதலின் உழவரைக் காப்பாயாக என்கிறார். பாடலின் அடிக்குறிப்பு, புலவர் தம் நிலத்தின் பழைய வரிக்கடனிலிருந்து விடுதலை பெற்றார் என அறிவிக்கிறது.

உலகம் அரசரைப் பழிக்கும் என்னும் சொற்களை நாம் கூர்ந்து நோக்க வேண்டும். மழையை மன்னன் பெய்விப்பான் எனப் புலவர் கூறவில்லை. பொய்க்கும் மழைக்கு மக்கள் அவனைப் பழிப்பர் என்றே கூறுகிறார். மந்திர நம்பிக்கை ஈண்டு மறுக்கப்படவில்லை, உறுதி செய்யப்படவுமில்லை. அது மன்னனின் முன் ஒரு கணக்கேடாக விரித்து வைக்கப்படுகிறது. வானத்தின் பிழையையும் உன் கணக்கில் எழுதும் மக்கள், உன் வரியின் கொடுமையை எழுதாது விடுவரோ என்பது உட்கிடை. இவ்வெண்ணமே பின்னர்த் திருக்குறளின் கொடுங்கோன்மை அதிகாரத்தில் முறை தவறிய அரசன் நாட்டில் மழை பெய்யாது என நீதிமொழியாக உருக்கொண்டது.

இவ்விடத்தில் பிரேசரின் விளக்கம் போதாமற் போகிறது. மந்திரத்தை மழை பெய்விக்கும் கருவியாக மட்டும் கண்டு, அக்கருவி பயன்படாது என அவர் தீர்ப்பளித்தார். 1931இல் பிரேசரைப் படித்துக் குறிப்பெழுதிய மெய்யியலறிஞர் விட்கென்ஸ்டைன், மழை வேண்டும் சடங்கு மழைக்காலம் நெருங்கும்போதே செய்யப்படுகிறது; கோடையில் எவரும் செய்வதில்லை; ஆதலின் அம்மக்கள் இயற்கையை அறியாதவர் அல்லர் என்னும் கருத்துப்பட எழுதினார். பிரேசரின் பெயரால் அமைந்த சொற்பொழிவை 1948இல் நிகழ்த்திய எவான்ஸ் பிரிட்சார்ட், சூடான் நாட்டு ஷில்லுக் மக்களின் அரசனை ஆராய்ந்து, தெய்வத் தன்மை அரச பதவிக்கே உரியது, அதில் அமரும் தனி மனிதனுக்கு அன்று என வாதிட்டார். பதவியையும் மனிதனையும் வேறாகக் காணும் இக்கருத்து நம் புலவர்க்குப் புதியதன்று. குடை தெய்வத்தன்மை உடையது. அதன்கீழ் அமர்ந்தவன் அதற்குத் தகுதியுடையவனா என வினவலாம். நாகனார் வினவினார்.

மறுபக்கம்

இவ்வளவும் கூறியபின் சங்கப் புலவர் யாவரும் எப்பொழுதும் அறத்தின் பக்கமே நின்றனர் என முடித்தல் உண்மைக்கு மாறாகும். பகைவர் கோட்டையிடத்தைக் கழுதை பூட்டி உழுததனைப் புகழ்ந்த பாடல்கள் உண்டு. பிணக் களத்தைப் பேய்கள் சோறட்டு வழங்கும் வேள்விச் சாலையாக வருணித்து மகிழ்ந்த பாடல்கள் உண்டு. கைம்பெண்டிரின் கூந்தற் கயிற்றைக் கூறும் பதிகம், அதனைச் செங்குட்டுவனின் புகழாகவே கூறுகிறது. அக்கூந்தலுக்காக இரங்கிய குரல் அங்கே இல்லை.

சிலப்பதிகாரத்திலும் இவ்விரு முகங்களைக் காண்கிறோம். தன் தீர்ப்புப் பிழைத்தது என உணர்ந்த பாண்டியன் நெடுஞ்செழியன் அரியணையிலேயே உயிர் விடுகிறான். நேமியின் அரசனைக் கொல்ல வெளியிலிருந்து ஒருவன் வாளோடு வரவேண்டும். மதுரையின் அரசனுக்கு அவன் நெஞ்சமே போதுமானதாயிற்று. எனினும் அந்நூலின் உரைபெறு கட்டுரை கூறுவதனையும் படிக்க வேண்டும். பாண்டி நாட்டில் மழை வறண்டு நோய் மிகுந்தபொழுது, கொற்கையிலிருந்த வெற்றிவேற்செழியன் பொற்கொல்லர் ஆயிரவரைப் பலியிட்டுக் கண்ணகிக்குச் சாந்தி செய்தான். மழை பெய்தது என்கிறது அது. ஒரு பொற்கொல்லன் செய்த பிழை அத்தொழிலினர் அனைவர்மேலும் தொத்திக் கொண்டது. நன்னனின் கொலையைப் பழித்த நாவுபோல் இங்கே ஒரு நாவும் எழவில்லை. இப்பகுதியை விழா மேடைகளில் நாம் கூறுவதில்லை. கூறாமையால் அது நூலிலிருந்து மறைந்துவிடப் போவதுமில்லை.

நாம் கொள்ள வேண்டுவது

மன்னரின் கடிமரம் இன்றில்லை. ஆயினும் திருக்கோயில்தோறும் தலமரம் நிற்கிறது. கோயில் என்னும் சொல் அரசன் இல்லத்தையும் இறைவன் இல்லத்தையும் ஒருங்கே குறித்தது. இறை என்னும் சொல்லுக்குத் தெய்வம், அரசன், வரி என மூன்று பொருளும் உண்டு. நாம் நாள்தோறும் வழங்கும் மொழியிலேயே பழைய தெய்வ அரசன் இன்னும் குடியிருக்கிறான். அவனை நம் மக்களிடமிருந்து மறைத்தல் இயலாது, மறைக்கவும் வேண்டா.

தமிழை வீட்டில் மட்டும் பேசி, பள்ளியில் வேற்று மொழிகளைப் பயிலும் நம் பிள்ளை ஒருத்தி, ஒரு காயைத் தின்றதற்காகவா அப்பெண்ணைக் கொன்றான் என வினவலாம். அஃது அக்கால வழக்கம் எனக் கூறி வாயடைத்தல் பிழை; நம் முன்னோர் அவ்வாறு செய்திரார் என மறுத்தல் அதனினும் பிழை. ஆம், கொன்றான், அம்மரத்தில் தன் உயிர் இருப்பதாக அவன் நம்பினான், பிறரும் நம்பினர், ஆயினும் அவனைப் பழித்துப் பாட ஒருவர் இருந்தார், தலைமுறை கடந்தும் அவன் குடியைத் தழுவ மறுத்த மற்றொருவரும் இருந்தார் என்று கூறுவோம். அறியாது கட்டிலில் உறங்கிய புலவருக்கு மன்னன் கவரி வீசிய கதையையும் உடன் கூறுவோம். பின்னர், பொற்கொல்லர் ஆயிரவருக்காக ஏன் ஒருவரும் பாடவில்லை என அவள் வினவுவாளாயின், அவ்வினாவை நாம் தடுக்க வேண்டா. பரணர் நன்னனிடம் கேட்டதனையே அவள் நூலிடம் கேட்கிறாள்; அவள் படிக்கத் தொடங்கிவிட்டாள் என மகிழ்வோம்.